கேம் சத்தம் மட்டும் வேணும்

(காட்சித் தொடர்பியல் மாணவர்களுக்கான கூட்டமொன்றில் ஆற்றிய உரையின் அச்சு வடிவம்)



கேம் ஆடி, அதை ரெக்கார்டு செய்து, எடிட் செய்து வெளியிடுகிற பிள்ளைகள் என்னிடம் கொண்டுவரும் கேள்வி பெரும்பாலும் ஒரே மாதிரி இருக்கும். "சார், கேம் சத்தம் மட்டும் தனியா வேணும். டிஸ்கார்ட்ல ஃப்ரெண்ட்ஸ் பேசினது, பின்னாடி ஓடின பாட்டு, நடுவுல வாட்ஸ்அப் டொய்ங்னு அடிச்சது, எதுவும் வேண்டாம். எப்படி எடுக்கிறது?" பதில் சொல்வதற்கு முன் நான் ஒன்று கேட்பேன்: "ரெக்கார்டிங் முடிஞ்சிருச்சா, இனிமேதானா?" முடிந்துவிட்டது என்றால் ஒரு பதில், இனிமேல்தான் என்றால் வேறு பதில். இந்த இரண்டுக்கும் நடுவே இருக்கிற தூரத்தைப் பற்றித்தான் இன்றைக்குப் பேசப்போகிறேன்.

கணினிக்குள் ஒலி என்பது எண்களின் வரிசை. வீடியோ வேலையில் வழக்கமான கணக்கு விநாடிக்கு 48,000 எண்கள்; ஸ்டீரியோ என்றால் இடது காதுக்கு அவ்வளவு, வலது காதுக்கும் அவ்வளவு. கேம் தன் வரிசையைத் தருகிறது. டிஸ்கார்ட் தன் வரிசையைத் தருகிறது, பிரவுசரும் தருகிறது. எல்லாம் ஒரே ஹெட்ஃபோனுக்குப் போய்ச் சேர வேண்டும். அதற்குக் கணினி செய்கிற வேலை வெறும் கூட்டல். ஒரு கணத்தில் கேம் 3, டிஸ்கார்ட் 4 என்றால் உங்கள் காதுக்குப் போவது 7. அந்த 7ஐ மட்டும் கையில் வைத்துக்கொண்டு, வந்தது மூன்றும் நான்குமா, ஐந்தும் இரண்டுமா, ஒன்பதும் மைனஸ் இரண்டுமா என்று யாராலும் திருப்பிச் சொல்ல முடியாது. பாலையும் தண்ணீரையும் பிரிக்கிற அன்னப்பறவையை நம் புலவர்கள் வளர்த்தார்கள். சவுண்ட் கார்டு செய்கிறவர்கள் வளர்க்கவில்லை. ஆகவே பிரிப்பதென்றால் கூட்டலுக்கு முன்னாலேயே பிரித்துவிட வேண்டும். அதற்கு, கூட்டல் எங்கே நடக்கிறது என்று தெரிந்திருக்க வேண்டும்.

விண்டோஸிலிருந்து தொடங்குகிறேன். கணினியில் கேம் ஆடுகிறவர்களில் பெரும்பாலோர் அங்கேதான் இருக்கிறார்கள். எக்ஸ்பி காலத்தில் இந்தக் கூட்டலைச் செய்தது கே-மிக்ஸர் என்ற நிரல். அது இயங்குதளத்தின் கெர்னலுக்குள்ளேயே உட்கார்ந்திருந்தது. அதனிடம் போய் "கேமை மட்டும் கொடு" என்று கேட்க வழி கிடையாது. அன்றைக்கு நமக்குக் கிடைத்தது சவுண்ட் கார்டு பக்கமிருந்த ஒரு கதவு. ரியல்டெக் கார்டுகளில் அதன் பெயர் ஸ்டீரியோ மிக்ஸ், கிரியேட்டிவ் சவுண்ட் பிளாஸ்டரில் வாட் யூ ஹியர். காதில் எது விழுகிறதோ அது அப்படியே ரெக்கார்டிங்கில் வரும். எல்லாமே வரும் என்பதுதான் அதன் வசதி, தொல்லையும் அதுவேதான். இன்றும் பழைய வழிகாட்டிகளைப் படித்துவிட்டு ஸ்டீரியோ மிக்ஸைத் தேடி அலைகிறவர்கள் உண்டு. பல கணினிகளில் அது முடக்கப்பட்டே இருக்கும். தேடிக் கண்டுபிடித்தாலும் உங்களுக்குக் கிடைக்கப்போவது அந்த 7தான்.

2007இல் விஸ்டா வந்தது. விஸ்டாவைத் திட்டாத ஆள் கிடையாது. ஆனால் ஒலி விஷயத்தில் அது செய்த காரியத்தின் பலனை இன்றுவரை அனுபவித்துக்கொண்டிருக்கிறோம். கூட்டல் வேலையைக் கெர்னலுக்கு வெளியே எடுத்துத் தனி ஆடியோ எஞ்சினாக வைத்தார்கள். ஒவ்வொரு அப்ளிகேஷனுக்கும் ஒரு செஷன். வால்யூம் மிக்ஸரைத் திறந்தால் ஒவ்வொன்றுக்கும் ஒரு ஸ்லைடர். கேமைக் குறைக்கலாம், பிரவுசரை ஊமையாக்கலாம். அப்படியென்றால், கூட்டலுக்கு முந்தைய கணம்வரை எது கேம், எது பிரவுசர் என்று விண்டோஸுக்குத் தெரிந்தே இருந்தது. தெரிந்திருந்தும், ரெக்கார்டிங் மென்பொருளுக்கு அது திறந்துவிட்ட வழி லூப்பேக் மட்டும்தான். அதில் வருவது கூட்டி முடித்த ஒலி. பத்தாண்டுகளுக்கு மேலாக இதுதான் நிலைமையாக இருந்தது. ஸ்லைடர்கள் கண்ணெதிரே தனித்தனியாக நிற்கும், ஒன்றைக்கூடத் தனியாக எடுத்துக்கொள்ள முடியாது. எனக்கு இது இன்னமும் எரிச்சல்தான்.

அந்த இடைவெளியில் ஒரு கைத்தொழிலே வளர்ந்தது: வெர்ச்சுவல் கேபிள். பிரான்ஸைச் சேர்ந்த வின்சென்ட் புரெல் உருவாக்கிய விபி-கேபிளும் வாய்ஸ்மீட்டரும் இதில் பெயர் பெற்றவை. வெர்ச்சுவல் கேபிள் விண்டோஸிடம் ஒரு பொய் ஸ்பீக்கரைக் காட்டும். அந்த ஸ்பீக்கருக்குள் போகிற சத்தம் மறுமுனையில் ஒரு பொய் மைக்காக வெளியே வரும். கேமின் சத்தத்தை அந்த ஸ்பீக்கருக்குத் திருப்பிவிட்டு, ரெக்கார்டிங் மென்பொருளில் அந்த மைக்கைத் தேர்ந்தெடுத்தால் கேம் தனியாகக் கிடைத்துவிடும். டிஸ்கார்ட் வழக்கம்போல ஹெட்ஃபோனிலேயே இருக்கும். 2018 ஏப்ரலில் வந்த விண்டோஸ் 10 பதிப்பிலிருந்து, எந்த அப்ளிகேஷன் எந்த ஸ்பீக்கருக்குப் போக வேண்டும் என்று செட்டிங்ஸிலேயே சொல்ல முடிந்ததால் வேலை இன்னும் எளிதானது.

சிக்கல் எங்கே என்றால், பொய் ஸ்பீக்கருக்குப் போன சத்தம் உங்கள் காதுக்கு வராது. ரெக்கார்டிங்கில் துப்பாக்கி வெடிக்கும், உங்களுக்கு நிசப்தம். சரி, அந்தப் பொய் மைக்கை ஹெட்ஃபோனிலும் கேட்கலாம் என்று விண்டோஸில் 'லிசன்' என்ற பெட்டியை டிக் செய்வார்கள். சத்தம் வரும், கொஞ்சம் தாமதமாக வரும். விரல் பட்டனை அழுத்திய பிறகுதான் துப்பாக்கி வெடிக்கும். போட்டி போட்டு ஆடுகிற கேமில் எதிரியின் காலடிச் சத்தம் தாமதமாகக் கேட்டால் ஆட்டம் அங்கேயே முடிந்தது. வாய்ஸ்மீட்டர் போன்ற மிக்ஸர் வைத்து இதைச் சரிசெய்துகொள்ளலாம். ஆனால் அதைப் புரிந்துகொள்வதற்குள் கேம் ஆடுகிற ஆசையே போய்விடும் பலருக்கு. இரண்டு கணினி வைத்து ஸ்ட்ரீம் செய்கிறவர்களுக்கும் பழைய விண்டோஸில் இருப்பவர்களுக்கும் இன்றும் இது தேவை. மற்றவர்கள் இதில் தொடங்க வேண்டாம் என்பது என் அபிப்பிராயம்.

ஏனென்றால் கதவு ஒருவழியாகத் திறந்துவிட்டது. விண்டோஸ் 10இன் பிந்தைய பதிப்புகளில் மைக்ரோசாஃப்ட் லூப்பேக்கை மாற்றியமைத்தது. "இந்தப் ப்ராசஸும் அதிலிருந்து கிளைத்தவையும் எழுப்புகிற சத்தத்தை மட்டும் கொடு" என்று ஒரு நிரல் கேட்கலாம். "இதைத் தவிர மற்றதெல்லாம் கொடு" என்றும் கேட்கலாம். 2012இல் தொடங்கி இலவசமாக, திறந்த மூலமாக வளர்ந்துவந்த ஓபிஎஸ் ஸ்டுடியோ என்ற ரெக்கார்டிங் மென்பொருள், 2022 ஆகஸ்டில் வந்த 28ஆம் பதிப்பில் இதைத் தனக்குள்ளேயே சேர்த்துக்கொண்டது. பெயர் அப்ளிகேஷன் ஆடியோ கேப்சர். 2020 மே மாத விண்டோஸ் 10 பதிப்போ அதற்குப் பிந்தையதோ இருந்தால் போதும். கேபிள் வேண்டாம், பொய் ஸ்பீக்கர் வேண்டாம். கேம் எப்போதும்போல ஹெட்ஃபோனில் கேட்கும். கூட்டலுக்கு முன்னால் இருக்கிற அதன் பிரதி ஓபிஎஸ்ஸுக்கு வந்துவிடும்.

இனி இதைக் கிட்டத்தில் பார்ப்போம். சோர்ஸஸ் பட்டியலில் பிளஸ்ஸை அழுத்தி அப்ளிகேஷன் ஆடியோ கேப்சரைச் சேர்க்கிறீர்கள். கேம் ஓடிக்கொண்டிருந்தால் அதன் ஜன்னல் பட்டியலில் தெரியும், தேர்ந்தெடுக்கிறீர்கள். கீழே மிக்ஸரில் பச்சைக் கோடு துள்ளும். ரெக்கார்டு செய்து போட்டுக் கேட்டால், கேம் சத்தம் தகரக் குழாய்க்குள்ளிருந்து வருவதுபோல இருக்கும். அதற்குமேல் டிஸ்கார்ட் பேச்சும் பாட்டும் அப்படியே இருக்கும். "சார், இந்த வசதி வேலை செய்யல" என்று செய்தி வரும் இடம் இதுதான்.

வசதி ஒழுங்காகத்தான் வேலை செய்தது. ஓபிஎஸ்ஸை நிறுவியதுமே டெஸ்க்டாப் ஆடியோ என்ற ஒரு சோர்ஸ் தானாக இயங்கிக்கொண்டிருக்கும். அதுதான் பழைய லூப்பேக்: கூட்டி முடித்த ஒலி. அதை அணைக்காமல் கேமைத் தனியாகவும் சேர்த்தால் கேம் இரண்டு முறை வரும். இரண்டும் இம்மி பிசகாமல் ஒன்றாக வந்தால் சத்தம் 6 டெசிபல் கூடும், மீட்டர் சிவப்புக்குப் போகும். சில மில்லிவிநாடி முன்பின்னாக வந்தால் சில அதிர்வெண்கள் ஒன்றையொன்று அடித்துக்கொண்டு மறையும், சில பெருகும். அந்தத் தகரச் சத்தம் அப்படி உண்டாவது. செட்டிங்ஸில் ஆடியோ பகுதிக்குப் போய் டெஸ்க்டாப் ஆடியோவை டிஸேபிள் செய்யுங்கள். மிக்ஸரில் ஊமையாக்கினாலும் இப்போதைக்குச் சரியாகிவிடும், ஆனால் என்றாவது ஒருநாள் கை பட்டுத் திறந்துகொள்ளும். வேரோடு எடுத்துவிடுவதே நல்லது.

இன்னொரு பொறி. சில கேம்களில் நாம் முதலில் திறப்பது லாஞ்சர். கேம் அதற்குப் பிறகு, சில நேரம் லாஞ்சரிலிருந்து கிளைக்காமலேயே, வேறொரு ப்ராசஸாக எழும். மைன்கிராஃப்ட் ஜாவா பதிப்பு ஜாவாவின் பெயரில்தான் ஓடும். லாஞ்சரின் ஜன்னலைத் தேர்ந்தெடுத்துவிட்டு மீட்டர் ஏன் அசையவில்லை என்று பார்த்துக்கொண்டிருக்க வேண்டாம்; கேம் முழுதாகத் திறந்த பிறகு அதன் ஜன்னலைத் தேர்ந்தெடுங்கள். ஜன்னலின் தலைப்பு அடிக்கடி மாறுகிற கேம் என்றால், தலைப்பை வைத்துப் பொருத்தாமல் எக்ஸிக்யூட்டபிள் பெயரை வைத்துப் பொருத்தும்படி அதே இடத்தில் மாற்றிவிடலாம். பிரவுசரில் ஆடுகிற கேமுக்கு இந்த வழி முழுப்பலன் தராது. ஒரு டேபில் கேம், இன்னொரு டேபில் பாட்டு என்றால் இரண்டும் ஒரே பிரவுசரின் சத்தமாகவே வரும். கேமை ஒரு பிரவுசரிலும் மற்றதையெல்லாம் வேறொரு பிரவுசரிலும் திறப்பது, நாகரிகமற்றதாகத் தோன்றினாலும், வேலையை முடித்துக் கொடுக்கும்.

அவசரத்துக்கு ரெக்கார்டு செய்கிறவர்களுக்கு இவ்வளவும் தேவையில்லை. விண்டோஸோடு வருகிற எக்ஸ்பாக்ஸ் கேம் பாரிலேயே கேம் சத்தம் மட்டும் போதும் என்று தேர்வு செய்யும் வசதி உண்டு. அதில் கிடைப்பதோடு திருப்தி அடையலாம் என்றால் தாராளமாக அடையுங்கள்.

நீங்கள் எடிட்டிங் படிக்கிறவர்கள், உங்களுக்கு அது போதாது. கேமைத் தனியாக எடுப்பது பாதி வேலை. அதைத் தனியாகவே கோப்பு வரைக்கும் கொண்டுபோய்ச் சேர்ப்பது மீதிப் பாதி. பலர் மூன்று சோர்ஸைத் தனித்தனியாக எடுத்து, கடைசியில் ஒரே டிராக்கில் ஊற்றிவிடுகிறார்கள். அங்கே மறுபடியும் கூட்டல் நடந்துவிடுகிறது. ஓபிஎஸ்ஸில் ஆறு ஆடியோ டிராக்குகள் உண்டு. அட்வான்ஸ்டு ஆடியோ ப்ராபர்டீஸைத் திறந்தால் ஒவ்வொரு சோர்ஸுக்கு நேராகவும் ஆறு பெட்டிகள் இருக்கும். நான் சொல்லித்தருகிற ஏற்பாடு இது: ஒன்றாம் டிராக்கில் எல்லாம் கலந்து, இரண்டில் கேம் மட்டும், மூன்றில் உங்கள் மைக், நான்கில் இன்னொரு அப்ளிகேஷன் ஆடியோ கேப்சரில் எடுத்த டிஸ்கார்ட் நண்பர்கள். முதல் டிராக்கில் ஏன் எல்லாவற்றையும் போடச் சொல்கிறேன் என்றால், சாதாரண பிளேயர்கள் ஒரு நேரத்தில் ஒரு டிராக்கைத்தான் வாசிக்கும், அதுவும் முதலில் இருப்பதை. சரிபார்க்கவும், யாருக்காவது அவசரமாக அனுப்பவும் அது உதவும். எடிட்டிங் டைம்லைனில் கோப்பைப் போட்டதும் நான்கும் அடுக்காக விரியும். முதல் டிராக்கை அழித்துவிட்டு வேலையைத் தொடங்கலாம்.

அவுட்புட் பகுதியில் அட்வான்ஸ்டு முறைக்கு மாறி, ரெக்கார்டிங் என்ற இடத்திலும் அந்த நான்கு டிராக்குகளை டிக் செய்ய வேண்டும். இதை விட்டுவிட்டால் பெட்டிகளில் எவ்வளவு கவனமாக டிக் செய்திருந்தாலும் கோப்பில் ஒரு டிராக்தான் இருக்கும். கோப்பு வடிவம் எம்கேவியாக இருக்கட்டும். சாதாரண எம்பி4 கோப்பு கடைசியில் ஒழுங்காக மூடப்பட்டால்தான் திறக்கும். நடுவில் கரண்ட் போனால் இரண்டு மணி நேர ஆட்டம் மொத்தமும் போச்சு. எம்கேவியில் கரண்ட் போன கணம்வரை பத்திரமாக இருக்கும். பிறகு ஓபிஎஸ்ஸிலேயே ரீமக்ஸ் செய்து எம்பி4 ஆக்கிக்கொள்ளலாம். நம் ஊர் கரண்டை நம்பி வேறு யோசனை நான் சொல்லமாட்டேன்.

சினிமா சவுண்டில் வேலை பார்த்தவர்களுக்கு இந்த ஏற்பாடு புதிதல்ல. ஒரு தமிழ்ப் படத்தைத் தெலுங்கிலோ இந்தியிலோ டப்பிங் செய்யக் கொடுக்கும்போது, வசனம் நீங்கலாக இசையும் எஃபெக்ட்ஸும் மட்டும் அடங்கிய எம் அண்ட் ஈ டிராக்கைக் கொடுப்பார்கள். அது ஒழுங்காக இல்லையென்றால் வசனத்தை எடுக்கும்போது காலடிச் சத்தமும் கதவுச் சத்தமும் சேர்ந்து போய்விடும். பிறகு டப்பிங் ஸ்டுடியோவில் அத்தனையையும் புதிதாக உண்டாக்க வேண்டும். கேம் டிராக் என்பது உங்கள் எம் அண்ட் ஈ. நாளைக்கு அதே ஆட்டத்துக்கு வேறு மொழியில் வர்ணனை பேச நினைத்தாலும் அது கையில் இருக்கும்.

மைக் பற்றிச் சுருக்கமாக. ஸ்பீக்கரில் கேமைக் கேட்டுக்கொண்டே பேசினால், கேம் காற்று வழியாக மைக்கில் ஏறும். எந்த மென்பொருளாலும் அதை முழுதாகத் தடுக்க முடியாது. ஹெட்ஃபோன் போடுங்கள். மின்விசிறி இரைச்சலுக்கு ஓபிஎஸ்ஸிலேயே ஆர்என்நாய்ஸ் என்ற ஃபில்டர் இருக்கிறது; நியூரல் நெட்வொர்க் வழியில் பேச்சையும் இரைச்சலையும் பிரிப்பது. மைக்குக்கு மட்டும் போடுங்கள். அதைக் கேம் டிராக்குக்குப் போட்டால் மழை, காற்று, இயந்திர ஓசை எல்லாவற்றையும் இரைச்சல் என்று நினைத்து மென்றுவிடும்.

இவ்வளவு மெனக்கெட வேண்டுமா என்று யாராவது கேட்டால், 2020ஐ நினைவுபடுத்துவேன். அந்த ஆண்டு டுவிச் தளத்தில் ஸ்ட்ரீம் செய்தவர்கள்மீது இசை நிறுவனங்களின் காப்புரிமைப் புகார்கள் அலையலையாக வந்தன. அக்டோபரில் டுவிச் ஏராளமான பழைய வீடியோக்களை அழித்துவிட்டு, அழித்தோம் என்று மின்னஞ்சல் அனுப்பியது. பின்னணியில் ஓடிய பாட்டு கேமோடும் பேச்சோடும் கலந்திருந்ததால், பாட்டை மட்டும் எடுத்துவிட்டு வீடியோவைக் காப்பாற்ற வழியில்லை. டிராக் பிரித்தவர்களுக்கு அந்த நிலை வராது. நேரலையில் ஒரு கலவை, தளத்தில் சேமிக்கப்படும் வீடியோவுக்குப் பாட்டில்லாத வேறு கலவை என்று அனுப்ப ஓபிஎஸ்ஸில் இப்போது தனி வசதியே இருக்கிறது.

ஆனால் பாட்டு கேமுக்குள்ளேயே இருந்தால்? இங்கே நம் டிராக் பிரிப்பு கையை விரித்துவிடும். கேம் என்பது விண்டோஸின் கண்ணுக்கு ஒரே ப்ராசஸ். உள்ளே இசை தனி, வசனம் தனி, வெடிச்சத்தம் தனி என்று வைஸ், எஃப்மாட் போன்ற ஒலி எஞ்சின்களில் அடுக்கடுக்காகப் பிரித்துத்தான் வைத்திருப்பார்கள். அது வெளியே வரும்போது கூட்டப்பட்டே வருகிறது. அந்தக் கூட்டலுக்கு முன்னால் கை வைக்க நமக்கு இருக்கும் ஒரே இடம் கேமின் சொந்த ஆடியோ மெனு. அங்கே மியூசிக் ஸ்லைடரைப் பூஜ்யமாக்கிவிட்டு ஆடினால் எஃபெக்ட்ஸும் வசனமும் மட்டும் கிடைக்கும். 2020 டிசம்பரில் வந்த சைபர்பங்க் 2077, காப்புரிமை உள்ள பாடல்களை மட்டும் நிறுத்திவைக்க ஒரு தேர்வே கொடுத்தது. கேம் தயாரிப்பவர்கள் ஸ்ட்ரீமர்களை மனதில் வைத்து மெனு எழுத ஆரம்பித்துவிட்டார்கள். புது கேமைத் திறந்ததும் நான் முதலில் போவது கிராஃபிக்ஸ் மெனுவுக்கு அல்ல, ஆடியோ மெனுவுக்கு.

நண்பர்களின் குரல் என்று ஒன்றும் இருக்கிறது. டிஸ்கார்டில் பேசுகிறவன் தன் வீட்டு விஷயத்தையும் இடையிடையே பேசுவான். அவன் பேசியது உங்கள் சேனலில் வரப்போகிறது என்று அவனுக்குத் தெரிந்திருக்க வேண்டும். நான்காம் டிராக் தனியாக இருந்தால், அவன் வேண்டாம் என்று சொன்ன இடத்தை மட்டும் வெட்டலாம். இல்லாவிட்டால் ஆட்டத்தின் நல்ல கட்டத்தையும் சேர்த்து வெட்ட வேண்டிவரும்; அப்போது வெட்ட மனம் வராது.

லினக்ஸ் பயன்படுத்துகிறவர்கள் பின்வரிசையில் சிரிப்பது தெரிகிறது. நியாயம்தான். விண்டோஸ்காரர்கள் கேபிளோடு மல்லுக்கட்டிய ஆண்டுகளில் அவர்கள் பல்ஸ்ஆடியோவில் 'நல் சிங்க்' என்ற ஒரு பொய் ஸ்பீக்கரை உருவாக்கி, கேமை அதற்குள் நகர்த்திவிட்டுப் போய்க்கொண்டிருந்தார்கள். 2021இல் ஃபெடோரா 34 என்ற லினக்ஸ் பதிப்பு, பைப்வயர் என்ற அமைப்பை ஒலிக்கான இயல்புநிலையாக்கியது. இப்போது எந்த அப்ளிகேஷனிலிருந்து எந்த இடத்துக்குச் சத்தம் போகிறது என்று திரையில் கோடு இழுத்தே இணைக்கலாம். மேக்கில் நெடுநாள் சவுண்ட்ஃபிளவர், பிறகு பிளாக்ஹோல் என்று வெர்ச்சுவல் கேபிள் ராஜ்யம்தான். 2022இல் வந்த வென்சுராவிலிருந்து அப்ளிகேஷன் வாரியாக ஒலியை எடுக்க ஆப்பிளே வழி தந்திருக்கிறது.

ரெக்கார்டிங் முடிந்துவிட்டது என்று வருகிறவர்களுக்கு என்ன பதில்? ஏஐ இருக்கிறதே என்பார்கள். இருக்கிறது. 2019இல் டீசர் நிறுவனம் ஸ்ப்ளீட்டரை வெளியிட்டபோது பாட்டிலிருந்து குரலைப் பிரிப்பது யாரும் வீட்டிலேயே செய்கிற காரியமாகிவிட்டது. 2023இல் பீட்டில்ஸ் 'நவ் அண்ட் தென்' பாடலை வெளியிட்டார்கள். ஜான் லெனன் 1970களின் இறுதியில் கேசட்டில் பதிந்த பாட்டு அது. பியானோ அவர் குரலை அமுக்கியிருந்ததால் 1990களில் முயன்று கைவிட்டிருந்தார்கள். இயக்குநர் பீட்டர் ஜாக்சனின் குழு உருவாக்கிய மென்பொருள் குரலைப் பிரித்துக் கொடுத்தது. பாதி அன்னப்பறவை வந்துவிட்டது என்று சொல்லலாம்.

பாதி என்று ஏன் சொல்கிறேன்? இந்த நிரல்கள் 7ஐப் பிரிப்பதில்லை. ஏராளமான உதாரணங்களைக் கேட்டுப் பழகி, இது மூன்றாக இருக்க வாய்ப்பு அதிகம் என்று ஊகிக்கின்றன. ஸ்ப்ளீட்டர் பழகியது பாடகர் குரல், டிரம்ஸ், பேஸ் போன்றவற்றில். வாள் வீச்சிலும் காலடியிலும் அல்ல. உங்கள் பேச்சைக் கேமிலிருந்து பிரித்தால் ஓரளவு வரும். கேமுக்குள் பேசுகிற பாத்திரத்தின் குரலையும் நண்பனின் குரலையும் பிரிக்கச் சொன்னால் திணறும். அதற்கு இரண்டும் குரல்தான். மீதியாக வருகிற கேம் சத்தத்தில், பேச்சு இருந்த இடங்களிலெல்லாம் தண்ணீருக்கடியில் கேட்பதுபோல ஒரு மங்கல் இருக்கும். இனி எடுக்கவே முடியாத பதிவுக்கு இது வரப்பிரசாதம். நாளைக்கு மறுபடியும் ஆடக்கூடிய கேமுக்கு, மறுபடியும் ஆடிவிடுவதே உத்தமம்.

கடைசியாக ஒரு சோதனை. நீண்ட ரெக்கார்டிங்குக்கு உட்காருவதற்கு முன் அரை நிமிடம் பதியுங்கள்: கேமில் ஒரு வெடி, மைக்கில் ஒரு கைத்தட்டல், டிஸ்கார்டில் நண்பனின் ஒரு ஹலோ. எடிட்டரில் திறந்து ஒவ்வொரு டிராக்கையும் சோலோவில் கேளுங்கள். இரண்டாம் டிராக்கில் நண்பன் ஹலோ சொன்னால் எங்கோ டெஸ்க்டாப் ஆடியோ உயிரோடு இருக்கிறது. யூஎஸ்பி மைக் வைத்திருப்பவர்கள் நீண்ட பதிவின் முடிவிலும் ஒருமுறை கைதட்டுங்கள், கேமரா முன்னால். மைக்குக்குள் ஒரு கடிகாரம், கணினிக்குள் வேறொரு கடிகாரம். இரண்டுக்கும் பத்து லட்சத்தில் 50 பங்கு வேறுபாடு இருந்து, மென்பொருள் அதை ஈடுகட்டாமல் விட்டால், ஒரு மணி நேரத்தில் 0.18 விநாடி விலகிவிடும். 60 ஃப்ரேம் வீடியோவில் அது கிட்டத்தட்ட 11 ஃப்ரேம். கடைசிக் கைத்தட்டலில் கையும் சத்தமும் எவ்வளவு தள்ளியிருக்கின்றன என்று பார்த்து, மைக் டிராக்கை அந்த அளவுக்கு இழுத்தோ சுருக்கியோ பொருத்திவிடலாம்.

ப்ரொஜெக்டரில் ஓபிஎஸ்ஸைத் திறந்துவைத்திருக்கிறார்கள். டெஸ்க்டாப் ஆடியோ இன்னும் அணைக்கப்படவில்லை. யாராவது ஒருவர் மேடைக்கு வந்து முதலில் அதைச் செய்யுங்கள், அதிலிருந்து ஆரம்பிப்போம்.